தாவோன் நூலை எடுப்பாளா?

மார்ச் 4, செவ்வாய்

தாவோன் தூங்கியாயிற்று. மூக்கடியில் விரல் வைத்துப் பார்த்தேன். மூச்சு வருகிறது. ஏழு வாரம் முன்னாலேயே பிறந்து கண்ணாடிப் பெட்டிக்குள் கிடந்தவள். அவள் அதைவிட்டு வந்து பத்து மாதமாகிறது. என் விரல்தான் இன்னும் வெளியே வரவில்லை.

இன்று மேங் இயக்குநர் எங்கள் வீட்டுக்கு வந்தார். இன்னொரு தடவை எழுதிப் பார்க்கிறேன் — மேங் இயக்குநர், எங்கள் வீட்டுக்கு, வந்தார். கல்லூரியில் அவருடைய ஒரே ஒரு காட்சியைப் பற்றி நாற்பது பக்கம் எழுதியவள் நான். அவர் வந்து நின்றபோது என் தோளெல்லாம் தாவோன் கக்கிய பூசணிக் கஞ்சி.

எங்கள் சந்தின் மேல்வீட்டில் படப்பிடிப்பாம். கடலில் கணவனைப் பறிகொடுத்த ஒருத்தி, குழந்தையின் முதல் பிறந்தநாளைத் தனியாகக் கொண்டாடுகிறாள். முன்னால் தட்டில் பொருட்களைப் பரப்பி, குழந்தை எதை எடுக்கிறது என்று பார்க்கிற காட்சி. ஒரே ஷாட், ஒரே தடவை.

"ஒத்திகை பார்த்த கை பொய் சொல்லிடும்மா. இதுவரைக்கும் தட்டு முன்னாடி உட்காராத குழந்தைதான் எனக்கு வேணும்," என்றார்.

தாவோனுக்கு ஒரு வயது நிறைவது 29ஆம் தேதி. படப்பிடிப்பு 21. தலையாட்டிவிட்டேன்.

ஏன் ஆட்டினேன்?

மார்ச் 5

படகு வேலை முடிந்து வந்த சங்மோவிடம் சொன்னேன். விழுந்து விழுந்து சிரித்தார். "அந்தம்மா படமா? ஒரு ஆள் கதவைத் திறந்து உள்ள வர்றதுக்குள்ள நான் ஒரு தூக்கம் போட்டு எழுந்துடுவேனே!"

உண்மைதான். கல்லூரித் திரைப்படக் கழகத்தில் மேங் படம் ஓடும்போது பக்கத்து நாற்காலிக்காரரின் தலை என் தோளில் சாய்ந்தது. இப்படித்தான் எனக்குக் கல்யாணம் ஆயிற்று.

அத்தை சிரிக்கவில்லை. "தாவோன் அம்மா, முதல் தடவை எடுக்கறதுதான் கணக்கு. அதைப் போய் எவளோ ஒருத்தி மடியில உட்கார்ந்து, வேற ஒரு பேருல எடுப்பாளா எம் பேத்தி?"

"நடிப்புதானே அத்தை."

"அவ கைக்குத் தெரியுமா அது நடிப்புன்னு?"

அரிசி எடுத்தால் சாப்பாட்டுக்குக் குறைவில்லை, எழுதும் தூரிகை எடுத்தால் படிப்பு, நூல் எடுத்தால் நீண்ட ஆயுள். இதையெல்லாம் நம்பாதவள்தான் நான். ஆனால் நூல்... எனக்கு நூல் ஒன்று போதும்.

மார்ச் 12

முடியாது என்று சொல்லிவிட்டு வரலாம் என்று மேல்வீட்டுக்குப் போனேன். மேங் இயக்குநர் தரையில் குப்புறப் படுத்திருந்தார். ஒரு வயதுக் குழந்தையின் கண்ணுக்கு தட்டு வைக்கப்போகும் அந்தக் குட்டை மேசை எவ்வளவு உயரமாகத் தெரியும் என்று பார்த்துக்கொண்டிருந்தார். அப்படியே திரும்பி வந்துவிட்டேன்.

மார்ச் 15

அம்மாவாக நடிக்கும் யோன்ஹ்வா, பழகுவதற்காகத் தினமும் வருகிறாள். அவள் மடியில் தாவோன் என்னமாய்ச் சிரிக்கிறாள்! என்னிடம் அப்படிச் சிரித்திருக்கிறாளா?

மார்ச் 21, வெள்ளி



குழந்தைக்குக் குளிருமே என்று மேல்வீட்டுத் தரையைக் காலையிலேயே சூடேற்றி வைத்திருந்தார்கள். யோன்ஹ்வா தாவோனைத் தட்டு முன்னால் உட்கார வைத்தாள். நான் கேமராவுக்குப் பின்னால், ஒலிப்பதிவாளர் குவாக் அண்ணன் பக்கத்தில். மனதுக்குள் ஒரே குழப்பம் — நூலை எடு கண்ணே. ஐயோ, இங்கே எடுத்துத் தொலைக்காதே, வீட்டில் எடு.

தாவோன் நூலைப் பார்த்தாள். அரிசியைப் பார்த்தாள். கை எழுந்தது. போய்க் கண்ணைக் கசக்கிக்கொண்டது. ஒருவரும் அசையவில்லை. மேங் இயக்குநர் காத்திருந்தார். நான் நாற்பது பக்கம் எழுதியதே அவருடைய இந்தக் காத்திருப்பைப் பற்றித்தான்.

சூடான தரை, பட்டு உடுப்பு. ஒரு தடவை ஆடினாள். தலை தொய்ந்து, கன்னம் அரிசித் தட்டில் விழுந்தது. அப்படியே கிடந்தாள்.

என் கால் கிளம்பிவிட்டது. ஒரு அடி வைத்தால் பலகை கிறீச்சிடும், ஷாட் போய்விடும். போகட்டுமே! விரல் வச்சுப் பார்க்கணும். யாராவது வச்சுப் பாருங்களேன், பாவிகளா...

குவாக் அண்ணன் தன் ஹெட்ஃபோனைக் கழற்றி என் காதில் மாட்டினார்.

மூச்சு. அரிசிமேல் பட்டுத் திரும்புகிற மூச்சு. கடல் மாதிரி, உள்ளே, வெளியே. இவ்வளவு பெரியதா இவள் மூச்சு? அப்படியே நின்றுவிட்டேன்.

யோன்ஹ்வா என்ன செய்வதென்று தெரியாமல் மெல்லக் குழந்தை பக்கத்தில் படுத்துக்கொண்டாள். கேமரா ஓடியது. நெடுநேரம் கழித்து, "போதும், அவளை எழுப்பாம எல்லாத்தையும் எடுத்து வைங்க," என்று இயக்குநரின் குரல் காற்றாக வந்தது.

"எதையுமே எடுக்கலையே, டைரக்டரம்மா?" என்றேன்.

"தூக்கத்தை எடுத்துக்கிட்டாளே. எனக்கு வேற என்னம்மா வேணும்?"

சங்மோவுக்குக் கொண்டாட்டம். "எம் பொண்ணுடி! நானாவது வெளிய உட்கார்ந்து தூங்கினேன், இவ படத்துக்குள்ளயே போய்த் தூங்கியிருக்கா பாரு!"

அத்தை மட்டும் திரும்பத் திரும்பக் கேட்டார். "ஒண்ணையும் தொடலையா? நெசமா?" பிறகு பெருமூச்சு. பிறகு திட்டு: "கன்னத்துல அரிசி ஒட்டியிருக்கு, துடைச்சு விடக்கூடத் தெரியலை இவளுக்கு."

மார்ச் 29, சனி

தாவோனுக்கு ஒரு வயது!

குட்டை மேசையை அத்தைதான் அலங்கரித்தார். கிட்டே போய்ப் பார்த்தேன். நடுவில் நூல்கண்டு. சரி. அரிசிக் கிண்ணத்தைச் சுற்றியும் நூல். தூரிகையில் நூல். மேங் இயக்குநர் அனுப்பியிருந்த குட்டிக் கிளாப் பலகையிலும் நூல். அத்தையைப் பார்த்தேன். அவர் கூரையைப் பார்த்தார்.

"அத்தை?"

"என்ன அத்தை? ராத்திரி நீ விரல் வச்சுப் பார்த்துட்டுப் போனதும் நான் வந்து வச்சுப் பார்ப்பேன். எனக்குப் பயம் இருக்காதா?"

கட்டிப் பிடித்துக்கொண்டேன். அவருக்கு அது பிடிக்காது. ஆனாலும் விலகவில்லை.

தாவோன் தவழ்ந்து வந்தாள். எல்லாவற்றையும் தாண்டினாள். கடற்பாசி சூப் கிண்டிவிட்டு அத்தை மேசை ஓரத்தில் மறந்து வைத்த கரண்டியை எடுத்தாள். அது ஒன்றில்தான் நூல் இல்லை.

அத்தை ஒரு நொடிகூடத் தாமதிக்கவில்லை. "கரண்டியா? நூறு வயசு வரைக்கும் நல்லா சாப்பிடுவா!" என்று ஊருக்கே கேட்க அறிவித்தார். அப்படி ஒரு வழக்கம் எங்குமே கிடையாது. எல்லோரும் கைதட்டினோம். நான்தான் முதலில்.

பிப்ரவரி 7, அடுத்த வருடம்

மொக்போ நகரத்துத் தியேட்டரில் படம் வந்துவிட்டது. தாவோனை அத்தையிடம் விட்டுவிட்டு நாங்கள் இருவரும் போனோம். தூங்க மாட்டேன் என்று சத்தியம் செய்து சங்மோ இரண்டு காபி குடித்தார்.

அந்தக் காட்சி வந்தது. அரிசியில் கன்னம். அரங்கம் முழுக்க, நாலா பக்கமும், அவள் மூச்சு. உள்ளே. வெளியே.

அடுத்து எனக்குத் தெரிந்தது, விளக்கெல்லாம் எரிகிறது. சங்மோ என் தோளை உலுக்குகிறார். "ஏய், நாற்பது பக்கம்! உன் டைரக்டர் படத்துல நீயே தூங்கிட்டியே!" அவர் கடைசிவரை விழித்திருந்தாராம். முடிவு என்ன என்று கேட்டேன். சொல்ல மாட்டாராம். "நாளைக்கும் ஓடுது, போய்ப் பார்த்துக்கோ."

வீட்டுக்கு வந்தபோது அத்தையும் தாவோனும் படுத்திருந்தார்கள். அறைக் கதவு மூடியிருந்தது. திறக்கவில்லை.