மூணாவது கவுன்

அன்புள்ள அம்மா,

முட்டி வலி தேவலையா? அப்பா மாத்திரையை ஒழுங்காப் போடறாரா? எனக்கு ஒரு குறையும் இல்லை.

பாட்டுக் காட்சியில கிட்டத்துல தெரியற முகம் கதாநாயகியோடது, தூரத்துல ஆடற உடம்பு என்னோடது. நாளைக்குக் கைப்பிடி இல்லாத உயரமான படிக்கட்டுல சுத்திக்கிட்டே இறங்கணும். பளபளன்னு தெரியணும்னு படியெல்லாம் மெழுகு தேய்ச்சிருக்காங்க. "கீழ பாக்காதே, சிரி"ங்கறார் டான்ஸ் மாஸ்டர். அவ்வளவு தூரத்துல என் சிரிப்பு யாருக்குத் தெரியப்போகுது! எனக்கு முன்னாடி ஆடினவளைப் பத்திக் கேட்டா மட்டும் எல்லாருக்கும் திடீர்னு வேலை வந்துடுது.

ஒரு வேடிக்கை கேளு. ஒரே மாதிரி வெள்ளை கவுன் மூணு தைச்சிருக்காங்க. ஒண்ணு கதாநாயகிக்கு, ஒண்ணு எனக்கு. மூணாவது யாருக்குன்னு கேட்டேன். தையல்காரர் நூலைப் பல்லால கடிச்சுக்கிட்டே பேச்சை மாத்திட்டார். இன்னிக்கு ஒரு புதுப் பொண்ணு வந்து ஓரமா உக்காந்து, ஒத்திகை முடியறவரைக்கும் என் காலையே பாத்துக்கிட்டிருந்தா.

என் பழைய கம்பளிக் காலுறையை அனுப்பு, தரை சில்லுன்னு இருக்கு. அப்பாவை எழுத விடாம பதிலை உன் கையாலேயே எழுது.

கூப்பிடறாங்க, முடிச்சுக்கறேன். அந்தப் பொண்ணுக்குத் தையல்காரர் அளவே எடுக்கலைம்மா. என் அளவே போதுமாம்.

உன் சின்னவ