பந்தல் வளைவில் மதனகாமப்பூ

10 ஜனவரி 2024, பெரும்பாறை

முழங்கால் வலி விடவில்லை. வாசலில் நிற்கும் ஆண் ஈந்து மரத்தில் பூ வந்திருக்கிறது. அன்னாசிப்பழம் போல, முழங்கை நீளத்தில். நாட்டு மருந்துக் கடைகளில் மதனகாமப்பூ என்பார்கள். வருஷா வருஷம் அது விரியும் முன்னே காலித் அறுத்து விற்றுவிடுகிறான். பாறைமேல் நிற்கும் பெண் மரம் அந்தப் பூவின் தாது இல்லாமல், உள்ளே பருப்பில்லாத பொக்கையாகவே காய்க்கிறது. இந்தச் சரிவில் மிஞ்சியது இந்த ஜோடிதான். நான் போவதற்குள் ஒரு கன்றாவது முளைக்க வேண்டும். இந்தத் தடவை பூவைத் தொடக் கூடாது என்றேன். "ஒங்களுக்கு வேற சோலியே இல்லையா, அத்தா?" என்கிறான். பெற்ற மகன்.

19 ஜனவரி

பூ விரியவில்லை. பேத்தி மஹ்ஜபினுக்கு 28இல் நிக்காஹ். வீடெல்லாம் சத்தம்.

27 ஜனவரி

வெட்டிவிட்டார்கள்.

அஸர் தொழுதுவிட்டு வருவதற்குள் பந்தல்காரன் ஞானவேல் மரத்தை மொட்டையடித்துவிட்டான். ஓலை முழுக்கப் பந்தல் வளைவில். உச்சியில் அந்தப் பூ! "மாப்பிள்ளைக்கு ராசியான பூவுதானங்க" என்று பல்லைக் காட்டுகிறான். ஓலையை வெட்டச் சொன்னது காலித். "திரும்ப மொளைக்கும்லத்தா." ஓலை முளைக்கும். பூ? கேட்டிருந்தால் ஓலையை நானே கொடுத்திருப்பேனே.

இனி அவனோடு பேச்சில்லை. அந்தப் பந்தலுக்குள் கால் வைக்க மாட்டேன் என்று எல்லோர் முன்னாலும் சொல்லிவிட்டேன். பேத்தி அழுதாள். அழட்டும்.

28 ஜனவரி

வெள்ளனே எழுந்து கொல்லைப் பக்கம் உட்கார்ந்துகொண்டேன். வெயில் ஏறியதும் அந்த வாடை — தாது உதிர்கிற வாடை! எட்டிப் பார்த்தேன். வளைவிலேயே பூ விரிந்துவிட்டது. மாப்பிள்ளை வீட்டார் தோளெல்லாம் மஞ்சள் பொடி. வீணாகிறதே... என்ன செய்ய? செய்தித்தாளை விரித்துப் பிடித்துக்கொண்டு வளைவுக்கு அடியில் போய் நின்றேன். வெளியேதான், உள்ளே இல்லை. நான் வரவேற்க நிற்பதாக நினைத்து ஆளாளுக்கு சலாம் சொன்னார்கள். பதில் சொல்லாமல் இருக்க முடியுமா? ஒருவர் மொய்க் கவரைத் தாளிலேயே வைத்துவிட்டுப் போனார். அதைக் கொடுக்க உள்ளே போக வேண்டியதாயிற்று.

"வந்துட்டீங்கள்ல தாத்தா" என்றாள் மஹ்ஜபின்.

"தாது எடுக்க வந்தேன்."

"எதுக்கோ வந்தீங்கள்ல?"

29 ஜனவரி

பெண் மரத்தில் தூவியாயிற்று. ஏணியைக் காலித் பிடித்துக்கொண்டான். நான் கூப்பிடவில்லை. அவனாக வந்தான். பேசவில்லை.

6 ஜூலை

ஆண் மரத்தில் ஓலை மொத்தமாகத் துளிர்த்துவிட்டது. காலித் சொன்னது சரிதான். அதை நான் சொல்லப்போவதில்லை.

20 அக்டோபர்

காய் பழுத்து விழுகிறது. போன வருஷமும் இப்படித்தான் அழகாகப் பழுத்தது. தண்ணீரில் போட்டால் அத்தனையும் மிதந்தது. பொக்கை மிதக்கும். தோல் உரித்து வைத்தேன். வாளியைத் தூக்க முடியவில்லை.

"ஏலே காலித், ஒரு வாளி தண்ணி கொண்டாலே."

அவன் என்னையே பார்த்தபடி நின்றான். பிறகு ஓடினான், அந்தத் தொந்தியோடு.

முதலில் போட்டது மிதந்தது. அடுத்ததும்தான். இருவரும் வாளிக்குள் பார்த்துக்கொண்டு நின்றோம்.

"போடுங்கத்தா, இன்னொன்னு போடுங்க."

போட்டேன். அது அடியில் கிடக்கிறது.