முத்தம்மா மகளுக்குச் சொன்னது

1936 ஜூலை 14, செவ்வாய்.

காசநோயைப் பற்றிப் படம் எடுக்க வந்த வெள்ளைக்காரத் துரை, இன்று எங்கள் தேயிலைத் தோட்டத்து ஆஸ்பத்திரியில் முத்தம்மாவைப் படம் பிடித்தார். அவளுக்கு வயது இருபது. மருந்து கொடுக்கும் நான்தான் இருவருக்கும் நடுவே மொழிபெயர்த்தேன்.

படக் கருவி ஓடத் தொடங்கியதும், கூலிகள் குடியிருக்கும் லயத்தில் இருக்கும் தன் இரண்டு வயது மகளிடம் பேசுவதுபோல் அவள் பேசினாள். நோய் தொற்றும் என்று மூன்று மாதமாக அந்தக் குழந்தையை நான் உள்ளே விடவில்லை.

"பாப்பா, அழாம அத்தைகிட்ட சோறு வாங்கித் தின்னு. அம்மா வந்துருவேன்."

அந்தக் கருவி குரலைப் பிடிக்காது. படமும் சீமைக்குப் போகிறது.

"ஐயா, எம் புள்ளைக்கு இது கேக்குமாங்க?"

"கேக்கும்மா" என்றேன்.

சாயங்காலம் ரத்தமாக இருமினாள். "இன்னிக்கே அவளுக்குக் காட்டிருங்க" என்றாள். அதற்கும் தலையாட்டினேன்.

பிறகு லயத்துக்குப் போனேன். அவள் சொன்னதை நானே சொல்லப் பார்த்தேன். குழந்தை என்னைக் கண்டு பயந்து, அத்தையின் சேலைக்குள் முகத்தை மறைத்துக்கொண்டது. சொல்லாமலே திரும்பி வந்தேன்.

காலையில் முத்தம்மா, பாப்பா பார்த்தாளா என்று கேட்பாள். என்ன சொல்வேன்? ஆனாலும் கேட்க வேண்டும். கேட்பதற்கு அவள் இருக்க வேண்டும், கடவுளே.