சக்கரக் கதிரைக்கு இடமில்லை

மே 12, 1996. ஞாயிறு

தூறல். ஸ்காபரோவில் மே மாதத்திலும் குளிர். பல்கனிக் கதவைத் திறந்தால் அம்மா ஏசுகிறார்.

பள்ளிக்கூடத்தில் புவியியல் ஒப்படை: யப்பானிய நகரம் ஒன்றுக்கு இரண்டு நாள் சுற்றுலாத் திட்டம். சீட்டு எடுத்தோம். எனக்குக் கியோட்டோ. பயணி யார் என்பதை நாங்களே தீர்மானிக்கலாம். பக்கத்து மேசை மெலிசா ஒரு கோடீஸ்வரரைப் போட்டுவிட்டாள். எனக்கு ஒருவரும் அகப்படவில்லை.

மாமியிடம் சொன்னேன். மாமி அப்பாவின் தங்கை. மூன்று வயதில் வந்த போலியோவோடு இரண்டு கால்களும் இயங்காமல் போய்விட்டன. சக்கரக் கதிரையில்தான் எல்லாம். என் அறையில்தான் இருக்கிறார். யன்னலோரம் அவருடைய கொம்பியூட்டர். வாரப் பத்திரிகைகளுக்கும் கலியாண அழைப்பிதழ்களுக்கும் தமிழ் தட்டச்சு செய்து கொடுக்கிறார்.

"அப்ப என்னைக் கூட்டிக்கொண்டு போவன்," என்றார், திரும்பாமலே.

"கியோட்டோவுக்கோ?"

"ஓம். கடதாசியிலைதானே, விசா தேவையில்லை. ஆனா ஒழுங்கா விசாரிச்சுப்போட்டுக் கூட்டிக்கொண்டு போ. என்னைக் கோயில் வாசலிலை இறக்கிப்போட்டு நீ படம் எடுக்கப் போயிடக்கூடாது."

மாமி விசாரிக்கச் சொன்னவை:
பாதை கல்லா, சரளையா, சீமெந்தா.
வாசலில் படி என்றால் வேறு வழி உண்டா.
ரொய்லெற் எங்கே. கதவு எவ்வளவு அகலம். உள்ளே கதிரையைத் திருப்பலாமா.
தேத்தண்ணி எங்கே குடிக்கலாம்.

கடைசி இரண்டும் ஒரே கேள்விதான் என்றார். எனக்கு விளங்கவில்லை.

மே 14. செவ்வாய்

நூலகம். கியோட்டோ பற்றிக் கை நிறையப் புத்தகங்கள். எந்த அரசர் எந்தத் தோட்டத்தில் எந்தக் கல்லை வைத்தார் என்பது வரை இருக்கிறது. அந்தக் கல்லுக்குப் போகும் வழியில் படி இருக்கிறதா என்று ஒரு வரி இல்லை. எழுதியவர்கள் எல்லோரும் நடந்தே போயிருக்கிறார்கள். நடப்பதைக் கவனிக்கவும் இல்லை. எரிச்சல்.

நூலகர் நல்லவர். நகரத்துப் பெரிய நூலகத்துக்குத் தொலைபேசி எடுத்தார். சக்கரக் கதிரையில் போகும் சிலர் சேர்ந்து ஆங்கிலத்தில் எழுதிய சிறு கைநூல் ஒன்று இருக்கிறதாம். வியாழன் வரும்.

சப்பாத்து நனைந்து போனது. அம்மா கடதாசி திணித்து வைத்திருக்கிறார்.

மே 16. வியாழன்

கைநூல் வந்தது. போட்டோப்பிரதி, மூலையில் கம்பி அடித்தது. சரளை போட்ட கோயில்களுக்கு ஒரு அழுமூஞ்சிப் படம். தட்டையான பாதை உள்ள தோட்டத்துக்குச் சிரிப்பு. மூன்று பக்கம் ரொய்லெற்றுகள் மட்டும்!

மாமிக்கு வாசித்துத் தமிழில் சொன்னேன். சில ரயில் நிலையங்களில் லிஃப்ற் கிடையாது. நிலையத்து ஆட்கள் நாலு பேர் சேர்ந்து படியில் தூக்கிக்கொண்டு போவார்கள்.

"அங்கையும் தூக்கவேணுமோ," என்றார் மாமி. "அப்ப நான் இங்கையே இருக்கிறன்."

"இல்லை மாமி, கதிரையோடை தூக்குவினம்."

"கதிரையோடையோ?"

"ஓம். முதலே ஃபோன் பண்ணவேணுமாம். எங்கை பிடிக்கலாம் எண்டு கேட்டுத்தான் பிடிப்பினமாம்."

மாமி தட்டச்சை விட்டுவிட்டு என் பக்கம் திரும்பினார். பிறகு, "திருப்பி வாசி," என்றார்.

மே 17. வெள்ளி

ஜெர்மனியிலிருந்து பெரியப்பா வந்துவிட்டார். அப்பாவின் அண்ணன். பெரியம்மா, இரண்டு அக்காமார், பெரிய வீடியோக் கமெரா. நான் வரவேற்பறையில் பாயில்.

வெளியூரிலிருந்து யார் வந்தாலும் நயாகரா. லோங் வீக்கெண்ட் வேறு. பிறம்ரனில் இருக்கும் அப்பாவின் சிநேகிதர் தன் வான் வண்டியைத் தருகிறார். ஞாயிறு போகிறோம்.

மாமி நயாகராவுக்கு மூன்று தரம் போயிருக்கிறார். தண்ணீரை ஒரு தரமும் காணவில்லை. ஒருமுறை மழை. ஒருமுறை வந்தவர்களுக்கு அவசரம். ஒருமுறை, ஏன் என்று ஒருவருக்கும் ஞாபகமில்லை.

"பார்க்கிங் நல்ல வடிவு," என்கிறார் மாமி யாராவது கேட்டால்.

பெரியப்பா சத்தியம் பண்ணாத குறை. "இந்தமுறை நீ கம்பியைப் பிடிச்சுக்கொண்டு பாக்கிறாய் வச்சலா. நான் வீடியோ எடுக்கிறன்." மாமி சிரித்தார். ஞாயிற்றுக்கிழமைக்குப் பச்சைச் சட்டையை எடுத்து அயன் பெட்டியால் மினுக்கித் தரச் சொன்னார். மாமி உடுப்புக்கு மினக்கெடுவது அபூர்வம்.

மே 19. ஞாயிறு

இப்போதுதான் வந்தோம். அவசரமாய் எழுதுகிறேன். எழுத்து கோணல். பரவாயில்லை.

காலையில் வெயில். அப்பா வழக்கம்போல மாமியைத் தூக்கி முன் இருக்கையில் இருத்தினார். நான் தேத்தண்ணிப் போத்தலை மறந்துவிட்டேன் என்று மேலே ஓடினேன். திரும்பி வரும்போது எல்லோரும் ஏறிவிட்டார்கள். பின்னால் அக்காமாருக்கு நடுவில் நெருக்கிக்கொண்டு இருந்தேன். வழி முழுக்கப் பெரியப்பா ஜெர்மன் வீதிகளின் பெருமை.

நயாகராவில் அப்பா பின்கதவைத் திறந்தார். கோழிக்கறிச் சட்டி. இடியப்பப் பெட்டி. கூலர் பெட்டி இரண்டு. பாய். மடிக்கிற கதிரைகள். பட்மின்டன் மட்டைகள், வலையோடு.

சக்கரக் கதிரை இல்லை.

முன்னாலிருந்து மாமி, "கதிரையை இந்தப் பக்கம் கொண்டு வாங்கோ அண்ணை," என்றார்.

அப்பா கூலர் பெட்டியை இறக்கினார். அம்மாதான் கடைசியில், "இடம் காணாமல் போச்சு வச்சலா. கறிச்சட்டி கவிண்டிடும் எண்டு இவர் அதைக் கீழை லொபியிலை ஒரு மூலையிலை விட்டிட்டார்."

"அதுக்கென்ன," என்றார் அப்பா. "நாலு ஆம்பிளையள் மாதிரி நான் ஒருத்தன் இருக்கிறன். வா, தூக்கிறன்."

"தூக்கி?"

"கம்பியடிக்குக் கொண்டு போறன்."

"கொண்டுபோய் எங்கை வைப்பியள்?"

மாமி கதவை உள்ளே இழுத்துச் சாத்தினார். "நீங்கள் போய்ப் பாத்திட்டு வாங்கோ. நான் வரேல்லை."

"உவளுக்குச் சின்னனிலையிருந்து உந்தப் பிடிவாதம்," என்றார் பெரியப்பா. போனார்கள். உண்மையாகவே போனார்கள்.

நான் போகவில்லை. தகவல் நிலையத்துக்கு ஓடினேன். அங்கே சக்கரக் கதிரை இரவல் கொடுப்பார்களாம். இன்று கூட்டம், எல்லாம் போய்விட்டது. முதலே தொலைபேசியில் கேட்டிருந்தால் ஒன்றை ஒதுக்கி வைத்திருப்போம் என்றாள் மேசையில் இருந்த பெண். திரும்பி வரும் வழியில் எல்லாவற்றையும் பார்த்தேன். பாதை தட்டை. வீதியோரம் சாய்தளம். கதிரை அடையாளம் போட்ட ரொய்லெற், நல்ல அகலக் கதவு. கியோட்டோவில் பக்கம் பக்கமாகத் தேடினேனே, அதெல்லாம் இங்கே சும்மா கிடக்கிறது. எல்லாம் இருக்கிறது. கதிரை மட்டும் ஸ்காபரோவில்.

பட்மின்டன் மட்டைக்கு இடம் இருந்தது.

மாமி கதவுக் கண்ணாடியை இறக்கியிருந்தார். தூரத்தில் ஒரு இரைச்சல். வானின் முன்கண்ணாடியில் பொட்டுப் பொட்டாய் ஈரம். "மழையாக்கும் எண்டு நினைச்சன்," என்றார். "காத்து அந்தத் தண்ணியை இங்காலை அடிக்குது."

குடிக்க யூஸ் கொடுத்தேன். வேண்டாம் என்றார்.

"விடியத்திலையிருந்து நீங்கள் ஒண்டும் குடிக்கேல்லை மாமி."

"வெளிக்கிடுற நாளிலை நான் குடிக்கிறேல்லை. குடிச்சா ரொய்லெற். ரொய்லெற் எண்டா அண்ணை தூக்கவேணும். பொம்பிளையளின்ரை இடத்துக்குள்ளை அண்ணை எப்பிடி வாறது?"

அப்போதுதான் விளங்கியது, அந்த இரண்டும் எப்படி ஒரே கேள்வி என்று. எத்தனை கலியாணங்கள், எத்தனை கோயில்கள். ஒரே அறையில் இருக்கிறேன். கவனிக்கவில்லை.

அம்மா தட்டில் இடியப்பமும் கோழிக்கறியும் கொண்டுவந்து யன்னலால் தந்தார். கண் சிவந்திருந்தது. கறி நல்ல ருசி. அது இன்னும் கோபம்.

மே 20. திங்கள்

விடுமுறை. எல்லோரும் வரவேற்பறையில் வீடியோ பார்த்தார்கள். தண்ணீர், தண்ணீர், பெரியம்மா, தண்ணீர், வானவில். பிறகு வான். கண்ணாடிக்குப் பின்னால் மாமி. பெரியப்பாவின் குரல்: "வச்சலா, இங்கை பார், கை காட்டு." மாமி கை காட்டுகிறார்.

"ஆ, வச்சலாவும் வந்திருக்கிறா," என்று பெரியம்மா சொன்னார். இது அவர் ஜெர்மனியில் ஆட்களுக்குக் காட்டப்போகும் வீடியோ.

நான் எழும்பிப் போய்விட்டேன். கதவைக் கொஞ்சம் அடித்துத்தான் சாத்தினேன். பிறகு அப்பா ஏசினார். ஏசட்டும்.

மே 22. புதன்

வெள்ளிக்கிழமை கொடுத்த ஒப்படை திரும்பி வந்தது. நல்ல புள்ளி இல்லை. சிவப்புப் பேனையில்: 'கடும் உழைப்பு. ஆனால் நகரத்தைக் காணவில்லை. கதவுகளும் சாய்தளங்களும்தான் தெரிகின்றன.' மெலிசாவின் கோடீஸ்வரருக்கு எல்லாம் சிரிப்பு முகம். அவர் ஹெலிகொப்டரில் போகிறார்.

வகுப்பு முடிய ரீச்சரிடம் போனேன். அவர் அன்பாகத்தான் சொன்னார், பெரும்பாலான பயணிகளுக்கு இதெல்லாம் தேவையில்லை அல்லவா என்று.

என் பயணிக்குத் தேவை என்றேன். குரல் உடைந்துவிட்டது. அதுதான் வெட்கம். கோபமாகச் சொல்ல நினைத்ததை அழுதுகொண்டு சொன்னேன்.

மாமி சிவப்பு எழுத்தை வாசித்தார். "உன்ரை ரீச்சர் என்னோடை ஒரு நாள் வெளிக்கிடட்டும்," என்றார். பிறகு, "நிரு, உதே மாதிரி நயாகராவுக்கு ஒண்டு எழுது."

"கடதாசியிலையோ?"

"இல்லை."

மே 24. வெள்ளி

பெரியப்பா குடும்பம் போய்விட்டது. கட்டில் திரும்பக் கிடைத்தது.

பள்ளிக்கூடத்தால் வந்து தொலைபேசியும் கையுமாக. கதிரையோடு ஏற லிஃப்ற் வைத்த வானில் ஆட்களைத் தனியாகச் சுற்றிக் காட்டுகிற ஒருவர் ஒஷாவாவில் இருக்கிறார். பெயர் டெரிக், திரினிடாட்காரர். எனக்குத் தெரிந்ததையெல்லாம் ஒப்புவித்தேன், கதிரையின் அகலம், பாரம். அவர் கேட்டுவிட்டு, "சரி, ஆனால் அவருக்கு எதைப் பார்க்க விருப்பம்?" என்றார்.

மாமியிடம் தொலைபேசியைக் கொடுத்தேன். மாமி அதை மற்றக் காதுக்கு மாற்றினார். பிறகு இங்கிலீஷில், "கிட்டத்தில். நனைகிற அளவுக்குக் கிட்டத்தில்," என்றார்.

தன் தட்டச்சுக் காசில் போகிறார். ஜூன் முதலாம் திகதி. நானும்.

மே 25. சனி

அப்பாவுக்குத் தெரிந்துவிட்டது. பெரிய சண்டை.

"காசு குடுத்துப் பிறத்தியானோடை போறியோ? ஆக்கள் என்ன நினைப்பினம்? தங்கச்சியைப் பாக்க எனக்கு வக்கில்லையோ?"

"உங்களை ஒருத்தரும் அப்பிடிச் சொல்லேல்லை அண்ணை."

"பள்ளிக்கூடத்துக்கு உன்னைத் தோளிலை கொண்டுபோனவன் நான். ஒரு நாள் சலிச்சிருப்பனோ?"

"அப்ப எனக்கு எட்டு வயசு. இப்ப முப்பத்தெட்டு."

"அதுக்கு?"

"கறிச்சட்டியை மடியிலை வைச்சுக்கொண்டு வந்திருக்கலாம் அண்ணை. என்ரை காலை விட்டிட்டு வந்தனீங்கள்."

அப்பா வெளியே போய்விட்டார். அம்மா குசினியில் சட்டியைத் தேய்த்தபடி. ஏற்கனவே கழுவிய சட்டி.

அப்பா மீது எனக்குப் பாவமாக இருக்கிறது. கோபமும் போகவில்லை. இரண்டும் ஒரே நேரத்தில் இருக்கலாம் போல.

மே 30. வியாழன்

நயாகராத் தகவல் நிலையத்துக்குத் தொலைபேசி. ரொய்லெற் எங்கே, எத்தனை மணிவரை, கதவு உள்ளே திறக்குமா வெளியேயா. அந்தப் பெண் எழும்பிப் போய்ப் பார்த்துவிட்டு வந்து சொன்னாள். வெளியே.

மாமிக்குச் சொன்னேன். "கதிரை திரும்புமோ?" திரும்பும்.

அப்பா ஒருவருடனும் கதைப்பதில்லை. ஆனால் லொபியில் குந்தியிருந்து மாமியின் கதிரைச் சில்லுக்கு எண்ணெய் விடுவதைக் கண்டேன். என்னைக் கண்டதும் எழும்பிவிட்டார்.

ஜூன் 1. சனி

வெயில். காற்று இல்லை.

பச்சைச் சட்டை. தொப்பி. கமெராவில் புதுச் சுருள். மழைக் கோட்டு இரண்டு.

டெரிக்கின் வான் கீழே நிற்கிறது. அப்பாவும் கீழேதான், லிஃப்ற் எப்படி இறங்குகிறது என்று கைகட்டிக்கொண்டு பார்க்கிறார். வாங்கோ என்று மாமி நேற்றுக் கேட்டார். வேலை என்றார். இன்று சனி, அவருக்கு வேலை இல்லை.

அம்மா கோழிக்கறி கட்டித் தரவா என்று கேட்டார். மாமி சிரித்துவிட்டார். அம்மாவும்.

நேரமாகிறது என்று நான் சொல்கிறேன். மாமி அசையவில்லை. குசினி மேசையில் இருந்துகொண்டு, வெறும் கோப்பையை என் பக்கம் தள்ளுகிறார்.

"இன்னொரு தேத்தண்ணி ஊத்து பிள்ளை. நிறைய."