ஆனைக்கரையில் ஏழு சரோஜா

அன்புள்ள முருகையா மாப்ளே,

நீ கண்ணை மூடி ஒரு மழைக்காலம் முடிந்துவிட்டது. போனவனிடம் சண்டைக்கு வரக்கூடாதுதான். ஆனால் ஒரு விஷயத்தை என்னிடம் மறைத்துவிட்டுப் போயிருக்கிறாய். நாலு பேர் காதில் விழட்டும் என்றே கேட்கிறேன். யார் அந்த சரோஜா?

என் மகள் சரோஜாவுக்குப் பாலக்காட்டுப் பக்கம் வடகரப்பதியில் மாப்பிள்ளை பார்த்திருக்கிறேன். நம்ம சனம்தான், பேச்சு மட்டும் கோயம்புத்தூர்ப் பேச்சாகிவிட்டது. எல்லாம் பேசி முடித்து எழும்போது பையனின் அம்மா சொன்னார்: "ஏனுங்க, என்ற பேரும் சரோஜாதானுங்க. அம்மா பேரச் சொல்லிப் பையன் எப்படிங்க பொண்டாட்டியக் கூப்புடுவான்? பத்திரிகை அடிக்கறதுக்குள்ள புள்ள பேர மாத்திப் போடுங்க." வழக்கம்தானே என்று தலையாட்டிவிட்டு வந்தேன்.

மகள் ஒத்துக்கொள்ளவில்லை. "இது யாரு பேருப்பா? அதச் சொல்லுங்க. பொறவு மாத்துறதா வேண்டாமான்னு நான் சொல்லுதேன்" என்றாள். அவள் பிறந்தபோது பேர் சொன்னவன் நீ. நானும் யோசிக்காமல் வைத்துவிட்டேன்.

அந்தக் காலத்தில் எல்லா ஊரிலும் வைத்த பேர்தான், இல்லையென்று சொல்லவில்லை. இப்போது பிறப்பதெல்லாம் லதா, கீதா. ஆனால் நான் இருக்கும் ஆனைக்கரை ஒன்றிலேயே என் மகளோடு ஏழு சரோஜா. மற்ற ஆறும் நீ ஏலக்காய் வாங்கப் போய்வந்த வீடுகள்; போய் விசாரித்தேன். ஒரு வீட்டில், செத்துப்போன அம்மா பேர் என்றிருக்கிறாய். உன் அம்மா பேர் மாடத்தி என்று எனக்குத் தெரியாதா? இன்னொரு வீட்டில், தாமரைப் பேர், லட்சுமி தங்குவாள் என்றாயாம். மூன்றாவது வீட்டில், காய்ச்சலில் கிடந்த உன்னைப் பிழைக்க வைத்த நர்ஸ் பேராம். இதில் எது நிஜம்?

வியாபாரத் தந்திரம் என்றுதான் முதலில் நினைத்தேன். நானும் உன்னைப் போல வீடு வீடாக ஏறிக் காய் வாங்கியவன். சரோஜா இருந்த வீட்டுக் காய் ஒருநாளும் என் சாக்குக்கு வந்ததில்லை. பேர் வைத்த மாமனை விட்டு வேறு ஆளுக்குக் கொடுப்பார்களா? ஆனால் என் வீட்டில் நீ வாங்க என்ன இருந்தது? அங்கேதான் இடித்தது.

பீர்மேட்டுக்கு பஸ் ஏறினேன். தேயிலைத் தோட்டத்து லயத்து வீட்டு வாசலில் உன் சம்சாரம் பேச்சியம்மாள் கொழுந்துக் கூடையை இறக்கிக்கொண்டிருந்தாள். விஷயத்தைச் சொன்னதும் சிரித்தாள்.

"உங்களுக்கு இப்பதான் சந்தேகம் வருதாக்கும்? கல்யாணமான புதுசுல எனக்கே அந்தப் பேர வைக்கப் பாத்தாவ, அண்ணே. பேச்சின்னு கூப்பிட்டா திரும்புவேன், இல்லன்னா நீரே சோறு பொங்கிக்கிடும்னுட்டேன்."

"யாருன்னு கேக்கலையா தங்கச்சி?"

"கேட்டேன். யாருமில்ல, பேரு நல்லாருக்குன்னாவ. யாருமில்லாத பேருக்கு ஒரு மனுசன் இப்படி அலைவானா?"

நானும் அதையேதான் கேட்கிறேன். உனக்குப் பிறந்தது மூன்றும் பையன். உன் வீட்டுக்குள் வராத பேரை அடுத்தவன் வீட்டிலெல்லாம் வைத்தாயா? நாங்கள் அவளைக் கூப்பிடக் கூப்பிட, நீ பேசாமல் நின்று கேட்டுக்கொண்டிருந்தாயா?

மகளிடம் ஒளிக்கவில்லை. யாரோ ஒரு பொம்பளை பேராக இருக்கலாம் என்றேன். பேச்சியம்மாள் சொன்னதையும் சொன்னேன்.

"மாமாவுக்கு அவ யாரா வேணாலும் இருக்கட்டும்ப்பா. இருபது வருசமா இந்தப் பேரச் சொன்னா திரும்பிப் பாத்தவ நான். அத்தை அவ பேர விட்டுக்குடுக்கல, நான் மட்டும் குடுக்கணுமா?"

நேற்று வடகரப்பதிக்கு எழுதிப் போட்டேன். பையன் வீட்டுக்குள் எப்படி வேண்டுமானாலும் கூப்பிட்டுக்கொள்ளட்டும், பத்திரிகையில் சரோஜாதான் என்று. சம்பந்தம் நின்றாலும் நின்றுவிடும். நல்ல இடம், மனசு அடித்துக்கொள்கிறது.

உன்மேல் சந்தேகம் தீரவில்லை மாப்ளே, தீரப்போவதும் இல்லை. ஆனால் ஒன்று சொல்கிறேன். எந்த வீட்டுக்கு மருமகளாகப் போனாலும் என் பிள்ளை இந்தப் பேரோடுதான் போவாள். நீ யாரை நினைத்து வைத்தாயோ, இந்தப் பேர் இனி அந்தப் பொம்பளையுடையது இல்லை.

உன் மச்சான்,
சரோஜாவுக்குத் தகப்பன்