மஞ்சள் குடைக்குள் நிற்கிறவர்

2021 மார்ச் 9
மகள் துஷிக்குக் காய்ச்சல் குறைந்திருக்கிறது. கஞ்சி குடித்தாள். என் வீட்டுக்காரருக்கு நாளைக்கு மேல்மலையில் ரப்பர் பால்வெட்டு.

மார்ச் 10
எழுதக் கை வரவில்லை. ஆனாலும் எழுதுகிறேன், இல்லாவிட்டால் யாரையாவது அடித்துவிடுவேன்.

மேல்மலையில் குடை விழுந்துவிட்டது. போன வருஷம் எதிர்க்குன்றில் விழுந்த அதே மஞ்சள் வெளிச்சம், வானத்திலிருந்து அப்படியே கவிழ்ந்து நிற்கிறது. அப்போது கடைக்கார பவாஸ் நானாவின் ஆடு உள்ளே போய் மாட்டிக்கொண்டது. குடை விலகி அது வெளியே வந்தபோது எங்களுக்கு மாசக்கணக்கில் போயிருந்தது. ஆட்டின் வாயிலிருந்த இலை மட்டும் வாடவில்லை. உள்ளே நேரம் நத்தை மாதிரி ஊர்கிறது என்று தோட்டத்துக்கே தெரியும். எங்களை வேலை வாங்குகிற கண்டக்டர் ஐயாவுக்கும் தெரியும்.

தெரிந்துதானே அனுப்பினார்? வானம் இறங்குவதைப் பார்த்துப் பால் வெட்டியவர்கள் எல்லாரும் கீழே ஓடி வந்திருக்கிறார்கள். "வெட்டின பால் வீணாப் போகுது, யாராச்சும் போய் எடுத்துட்டு வாங்க" என்று கத்தியிருக்கிறார் ஐயா. என் வீட்டுக்காரர் வாளியைத் தூக்கிக்கொண்டு திரும்பிப் போயிருக்கிறார்.

ஒருத்தரும் அசையலையே. நீங்க மட்டும் ஏங்க போனீங்க?

மார்ச் 15
கம்பிவேலி போட்டுவிட்டார்கள். வேலியிலிருந்து பார்த்தால் தெரிகிறார். மரத்தடியில் குனிந்து நிற்கிறார், கை மரத்தில் பால் வடியும் சிரட்டையைத் தொட்டபடி. கூப்பிட்டேன். தொண்டை கட்டிப்போகும்வரை கூப்பிட்டேன்.

ஆபீஸில் சொல்கிறார்கள்: "கஜேந்திரன் தானாப் போனாரு. நாங்க அனுப்பல."

ஐயா கத்தியதைக் கேட்டவர்கள் இந்த லயத்து வரிசை வீடுகளில்தான் இருக்கிறார்கள். எல்லார் வீட்டுக் கதவும் சாத்தியிருக்கிறது.

நவம்பர் 4, தீபாவளி
சிரட்டையை எடுத்து வாளிப் பக்கம் திரும்பியிருக்கிறார். இத்தனை மாதத்தில் அவ்வளவுதான். பால் நூல் மாதிரி பாதியில் தொங்குகிறது.

2022 ஜூன் 20
மண்ணெண்ணெய் வரிசையில் காலையிலிருந்து நின்று வெறுங்கையோடு வந்தால், வாசலில் கிருஷ்ணகுமார், அவர் தம்பி.

"அண்ணி, நீங்க உள்ள போய் அண்ணன் கையப் புடிச்சு இழுத்துட்டு வந்தா என்ன? ஊர்ல எல்லாம் அப்படித்தான் பேசுறாங்க."

நான் போய்த் திரும்புவதற்குள் துஷி பெரிய பிள்ளையாகிவிடுவாள். அவளுக்குச் சோறு போடுவது யார்? ஊரா?

"அன்னைக்கு ஐயா கத்தினப்போ நீங்களும் பக்கத்துல நின்னீங்கதானே தம்பி? அத ஆபீஸ்ல வந்து சொல்லுங்க. அப்புறம் எனக்குப் புத்தி சொல்லலாம்."

வேலை போய்விடும் என்று முணுமுணுத்துக்கொண்டு போனான். வேலை போகுமாம். எனக்கு என்னவெல்லாம் போச்சு?

செப்டம்பர் 11
கொழும்பிலிருந்து வேனில் ஆட்கள் வந்து அவரைப் படம் எடுக்கிறார்கள். ஒரு பெண் "அனே, பவ்" என்றாள். பாவப்பட ஒன்றும் இல்லை, இந்தத் தோட்டம்தான் அவரை உள்ளே அனுப்பியது என்று சிங்களத்திலேயே சொன்னேன். முகத்தைத் திருப்பிக்கொண்டு வேனில் ஏறிவிட்டாள்.

துஷி இப்போது வேலிக்கு வரமாட்டேன் என்கிறாள். "அந்த மாமா திரும்பியே பாக்க மாட்டாரு" என்கிறாள். மாமாவாம். அறைய ஓங்கிய கையை இறக்கிவிட்டேன்.

2023 மே 17
குடை அகலமாகிறது. வேலி ஓரத்து மரங்கள் வரை மஞ்சள் வந்துவிட்டது. இன்று காலை வேலை பிரிக்கிற பெரட்டில் அதே கண்டக்டர் ஐயா, பொம்பிளையாள்களைப் பார்த்து அந்த ஓரத்து மரங்களில் பால் எடுத்து வரச் சொன்னார். அதே குரல்.

நான் பாதையில் உட்கார்ந்துவிட்டேன். "என்னைத் தாண்டி ஒருத்தரும் மேல போக முடியாது" என்றேன். சுகந்தினி வாளியைக் கவிழ்த்துப் போட்டு என் பக்கத்தில் உட்கார்ந்தாள். அப்புறம் ஒவ்வொருத்தியாக.

"விஜயகலா, எழும்பு. ஒன் புருஷன் தானாத்தானே போனான்" என்றார் ஐயா.

கூட்டத்துக்குப் பின்னாலிருந்து கிருஷ்ணகுமார் முன்னால் வந்தான். "இல்லங்க ஐயா. நீங்கதான் அனுப்புனீங்க. நான் கேட்டேன்."

ரெண்டு வருஷம் கழித்து. அவனைக் கட்டிப்பிடித்து அழுவதா, செருப்பைக் கழற்றுவதா என்று தெரியவில்லை. தண்ணீர் மட்டும் குடிக்கக் கொடுத்தேன்.

ஜூன் 2
இனிக் குடைக்குப் பக்கத்தில் வேலை இல்லையாம். கண்டக்டர் ஐயாவுக்கு வேறு தோட்டத்துக்கு மாற்றல். வேனில் சாமான் ஏற்றி, பூச்சட்டி கூட விடாமல் ஏற்றி, போய்விட்டார். அவ்வளவுதான் தண்டனை.

2024 ஏப்ரல் 14
பால் வாளிக்குள் விழுந்துவிட்டது. அடுத்த மரத்துக்கு ஒரு கால் எடுத்து வைத்திருக்கிறார். இன்னுமா வேலை செய்றீங்க?

2025 ஜூலை 3
குடை போய்விட்டது.

மழைக்கு முன்னால் சும்மா வெளுத்துக் கலைந்தது. கத்திக்கொண்டு எல்லாரும் மேலே ஓடினார்கள். என்னால் ஓட முடியவில்லை. நடந்துதான் போனேன். எதிரே வாளியோடு இறங்கி வருகிறார். வேர்வை கூடக் காயவில்லை.

"என்ன கலா, இங்க வந்து நிக்கிற? பால் லொறி போயிருச்சா?"

வாளியை வாங்கிப் பாலை மழைத்தண்ணீர் ஓடும் கானில் ஊற்றினேன். அவர் பதறிப்போனார். அப்புறம்தான் என் நரைத்த தலைமுடியைப் பார்த்தார்.

ஜூலை 5
அவருக்கு இன்னும் விளங்கவில்லை. வளர்ந்து நிற்கும் துஷியைப் பார்த்துக்கொண்டே, "பாப்பாவுக்குக் காய்ச்சல் எப்படி?" என்று என்னிடம் கேட்கிறார். அவள் என் பின்னால் ஒளிகிறாள்.

"ஏங்க போனீங்க?" என்று கேட்டேன்.

"ஐயா சொன்னாரு, போனேன்."

இவருக்காகத்தான் நான் இத்தனை நாள் ஊரோடு சண்டை போட்டேனா?

ஜூலை 19
துஷி சிங்களத்தில் வாசித்ததைக் கேட்டுக்கொண்டிருந்தார். "எப்ப படிச்சா?" என்றார். பள்ளிக்கூடம் போன கதை, பல் விழுந்த கதை, பாம்பைப் பார்த்து மயங்கி விழுந்த கதை, எல்லாம் சொன்னேன். வேறு யாரோ ஒருவருடைய பிள்ளையின் கதை மாதிரி கேட்டார். சாப்பிடாமல் எழுந்து போனார்.

ஜூலை 28
இன்று காலை பெரட்டுக்குப் போகாமல் தோட்டத்துத் துரையைப் பார்க்க நேராக ஆபீசுக்குப் போனார். நான் அனுப்பவில்லை, அவராகவே போனார். கொஞ்ச நேரத்தில் லயம் வரை சத்தம் கேட்டது. அவர் குரல் அவ்வளவு உயர்ந்து நான் கேட்டதே இல்லை. "எம்புள்ள என்னைய மாமான்னு கூப்புடுதுங்க துரை. அதுக்கு என்ன சொல்றீங்க?"

சுகந்தினி ஓடி வந்தாள். "போய்த் தடு அக்கா, அடிதடி ஆயிரப்போகுது."

"பேசட்டும்" என்றேன். துஷிக்குத் தலை பின்னி முடிக்க இன்னும் ஒரு பக்கம் பாக்கி இருந்தது.