தொட்டி என்று கேளுங்கள்

மார்ச் 4

இன்று தொட்டியில் சுவரைப் பிடிக்காமல் நீந்தி அக்கரை போய்ச் சேர்ந்தேன். "பாதியில தொட்டீங்க அண்ணி, நான் பார்த்தேன்" என்கிறாள் நாத்தனார். பொறாமை, வேறென்ன!

தரையில் நான் நொண்டி. முழங்காலில் கத்தி வைத்த பிறகு, எங்கள் மருந்துக்கடையில் ஒரு அலமாரியிலிருந்து அடுத்ததற்குப் போவதற்குள் உயிர் போய் உயிர் வருகிறது. தண்ணீரில் இறங்கிவிட்டால் அந்தக் கால் எது என்று எனக்கே தெரிவதில்லை. மருத்துவரும் அதைத்தான் சொன்னார், இதை மட்டும் விட்டுவிடாதீர்கள் என்று.

மாலையில் நகராட்சியிலிருந்து ஒரு பெண் கடைக்கு வந்தாள். ஊர் வசதிகளைப் பற்றிக் கணக்கெடுப்பாம். நூலகத்துக்குப் போவீர்களா? பூங்காவுக்கு? கடைசியாக, "நீச்சல் குளத்துக்குப் போவீங்களாக்கா?"

"அதெல்லாம் மலை மேல கிளப்புல இருக்கறவங்களுக்கும்மா. நமக்கெதுக்கு?" என்றேன். தலை அப்போதுதான் காய்ந்திருந்தது.

மார்ச் 19

நூலகச் சுவரில் அறிவிப்பு: யாரும் பயன்படுத்தாததால் நீச்சல் குளம் மூடப்பட்டு அங்கே வாகன நிறுத்துமிடம் வரும். நாத்தனார் படித்துவிட்டு, "கிளப்காரங்க இனிமே வீட்டு வாளியிலதான் நீந்தணும்" என்றாள். வீடு வரும் வரை சிரித்தோம்.

மார்ச் 23

சிரித்தோமே, சிரித்தோம்! காலையில் துண்டும் கையுமாகப் போனால், தொட்டிக் கரையில் ஒருவர் டேப்பை இழுத்து அளந்துகொண்டிருக்கிறார்.

"என்னத்த அளக்கறீங்க?"

"நீச்சல் குளத்தைம்மா. மண்ணு எவ்வளவு வேணும்னு பார்க்கணும்."

தொட்டியா? எங்க தொட்டியா நீச்சல் குளம்? யாரைக் கேட்டு இந்தப் பேர வெச்சாங்க? நான் வேற, மகராசி மாதிரி "நமக்கெதுக்கு"ன்னு சொல்லி அனுப்பியிருக்கேன். கடைக்கு வந்தவர்களை எல்லாம் கேட்டேன். முடிதிருத்துபவர், தையல்காரி, பள்ளி ஆசிரியர் — ஒருவர் பாக்கியில்லாமல் அத்தனை பேரும் அதே பதில்தான் சொல்லியிருக்கிறார்கள். இப்படி ஊரே சேர்ந்து தன் தலையில் மண்ணை வாரிப் போட்டுக்கொள்ளுமா?

இன்று நீந்தவில்லை. அழுகையாக வந்தது.

மார்ச் 24

நானும் நாத்தனாரும் நகராட்சிக்குப் போனோம். அதிகாரி நல்ல மனிதர்தான், அதுவே எரிச்சலாக இருந்தது.

"போறதில்லன்னு நீங்கதானேம்மா சொன்னீங்க?"

"நாங்க போறது தொட்டிக்கு சார்."

"தொட்டின்னு இந்த ஊர்ல எதுவும் இல்லையேம்மா."

எனக்கு வந்ததே கோபம். உட்காரச் சொல்லாமலே உட்கார்ந்து, ஆதியிலிருந்து ஆரம்பித்தேன். மலையைக் குடைந்து ரயில் பாதை போட வந்தவர்களுக்காக எழுந்த ஊர் இது. வாசலில் மரம் நட்டவர்களுக்குத்தான் வீட்டுச் சாவி கொடுத்தார்கள். இன்றைக்கு மத்தியானத்தில்கூடக் குடை வேண்டாம் என்றால் அதனால்தான். ஓடைத் தண்ணீரைத் தேக்கிக் குடிக்கக் கட்டியது தொட்டி. குழாய் வந்ததும் அது சும்மா கிடந்தது. என் மாமனார் காலத்து ஆட்கள் பாசியைச் சுரண்டி, படி கட்டி, பிள்ளைகளை நீந்த இறக்கிவிட்டார்கள்.

"நூலகம் இருக்கு, பூங்கா இருக்கு, பஸ் வாசலுக்கே வருது. எல்லாம் சரி சார். ஆனா இந்த ஊர்க்காரங்க ஒருத்தர் மூஞ்சிய ஒருத்தர் பார்க்கறது தொட்டியிலதான். நாத்தனாரோட பேச்சு வார்த்தை இல்லாத நாள்லகூட நாங்க ஒண்ணாத்தான் இறங்குவோம்."

"அது உண்மை" என்றாள் நாத்தனார்.

"இப்ப நான் என்ன செய்யணும்?" என்றார்.

"மறுபடி கேளுங்க. அதே பொண்ணை அனுப்புங்க. ஒரே ஒரு வார்த்தைய மட்டும் மாத்துங்க. தொட்டின்னு கேளுங்க."

யோசித்தார். பிறகு சரி என்றார், ஆனால் நாங்கள் யாருக்கும் சொல்லிக் கொடுக்கக் கூடாதாம். சொல்லிக் கொடுக்க என்ன இருக்கிறது?

மார்ச் 29

அந்தப் பெண் தெருத் தெருவாகப் போயிருக்கிறாள். கடையில் எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. இருமல் மருந்து கேட்டவருக்குத் தைலத்தைக் கொடுத்தேன்.

பொழுது சாய்கிற நேரம் வந்தாள். சுடிதார் முழங்கால் வரை நனைந்திருந்தது.

"என்னம்மா ஆச்சு?"

"தொட்டிக்குப் போவீங்களான்னுதான்க்கா கேட்டேன். 'வேற எங்க போறது?'ன்னு ஆளாளுக்குத் திட்டறாங்க. தையல்கார அக்கா கையைப் புடிச்சு இழுத்துட்டுப் போய்க் காட்டினாங்க. காலை விட்டேன், எந்திரிக்கவே மனசு வரல."

மார்ச் 30

காத்திருப்பு. சோறு இறங்கவில்லை.

ஏப்ரல் 10

ரத்து! வாகன நிறுத்துமிடம் ரத்து! ஜெயித்துவிட்டோம்! அதிகாரியே கடைக்கு வந்து சொன்னார். பலகையில் என்ன பெயர் எழுதுவது என்று என்னைக் கேட்டார் பாருங்கள், என்னை! முடிதிருத்துபவர் பாதிச் சவரத்தில் ஆளை விட்டுவிட்டு ஓடி வந்தார். தெருவே கூச்சல் போட்டது. நாத்தனார் என்னைக் கட்டிக்கொண்டாள். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து இதுதான் முதல் தடவை.

ஏப்ரல் 11

தொட்டியில் திருவிழாக் கூட்டம். இதுவரை எட்டிப் பார்க்காதவர்கள்கூட ரோஷத்தில் வந்து இறங்கியிருக்கிறார்கள். படியில் கால் வைக்க இடமில்லை. போராடி மீட்ட எனக்கே இடமில்லையா என்று கரையில் நின்று முணுமுணுத்தேன். தண்ணீருக்குள்ளிருந்து நாத்தனார் இரண்டு கையாலும் கூட்டத்தை விலக்கிக்கொண்டு கத்தினாள்.

"அண்ணி! படி எதுக்கு? குதிங்க!"

அறுவை சிகிச்சைக்குப் பிறகு நான் ஒரு வாசற்படியைக்கூடத் தாண்டிக் குதித்ததில்லை.

குதித்தேன்.